கிளிப் வந்துவிட்டது, சீட்டு எங்கே?

ஆவணப்பட எடிட் அறைகளில் திரும்பத் திரும்ப நடப்பது இது. ரஃப் கட் (படத்தின் முதல் கரட்டு வெட்டு) போடும்போது யூட்யூபிலிருந்து இறக்கிய 12 விநாடி கறுப்பு வெள்ளைக் காட்சி ஒன்றைத் தற்காலிகமாக வைக்கிறார்கள். ரயில் நிலையம், கூட்டம், யாரோ கையசைக்கிறார். கச்சிதமாகப் பொருந்துகிறது. இயக்குநருக்குப் பிடித்துப்போகிறது. அதன் மேல் குரல் ஏறுகிறது, இசை ஏறுகிறது. நாலு மாதம் கழித்து ஓடிடிக்காரர்கள் "இது யாருடையது, எந்த ஆண்டு, உரிமக் கடிதம் எங்கே" என்று கேட்கும்போது எடிட் மென்பொருளின் டைம்லைனில் இருக்கும் கோப்பின் பெயர் 'வீடியோபிளேபேக் 3'. இறக்கிய உதவியாளர் வேறு படத்துக்குப் போய் மூன்று மாதமாகிறது.

பழைய காட்சிகளை வைத்துச் செய்யும் வேலையில் படம் பாதிதான். எங்கிருந்து வந்தது, யார் எடுத்தது, எந்த வேகத்தில் ஓடியது, யாரிடம் உரிமை இருக்கிறது என்று சொல்லும் சீட்டு மறுபாதி. சீட்டு இல்லாத கிளிப் டைம்லைனில் ஏறவே கூடாது. அந்தச் சீட்டில் என்னென்ன எழுத வேண்டும், எழுதாவிட்டால் எங்கே உதைக்கும் என்பதைத்தான் கீழே விரித்திருக்கிறேன்.

பயண எழுத்தாளர் ஏ. கே. செட்டியார் 1930களின் கடைசியில் காந்தி ஆவணப்படத்துக்காக உலகம் சுற்றி, பல நாட்டு ஆட்களிடமிருந்து 50,000 அடிப் படச்சுருள் சேர்த்தார். படம் 1940இல் வெளிவந்தது. 35 மி.மீ. கணக்கில் 50,000 அடி என்றால் ஏறக்குறைய ஒன்பதேகால் மணி நேரம். டைம்கோடு (ஒவ்வொரு ஃப்ரேமுக்கும் உள்ள நேர எண்) கிடையாது, எக்செல் கிடையாது. அவருக்கு முடிந்தது ஹார்ட் டிஸ்க் வைத்திருக்கும் நமக்கு முடியவில்லை என்றால் குறை கருவியில் இல்லை.

பதிவேடு

ஒரு எக்செல் தாள் போதும். வரிசைக்கு ஒரு கிளிப். எங்கள் எண், காப்பகத்தின் பெயர், காப்பகம் கொடுத்த எண், அவர்கள் வைத்த தலைப்பு, தொடக்க முடிவு டைம்கோடு, மூல வடிவம் (16 மி.மீ., 35 மி.மீ., யூ-மேட்டிக், பீட்டாகேம், விஎச்எஸ்), ஃப்ரேம் வேகம், சட்ட விகிதம் (படத்தின் அகல உயரக் கணக்கு), ஒலி உண்டா, உண்டென்றால் அது அசல் ஒலியா பின்னால் ஒட்டியதா, காப்பகம் சொல்லும் தேதி, நாம் சரிபார்த்த தேதி, உரிமையாளர், விலை, உரிமத்தின் நிலை. தேதிக்கு இரண்டு கட்டம் வைத்திருப்பதைக் கவனியுங்கள். காப்பகம் சொல்வதும் உண்மையும் எப்போதும் ஒன்றாக இருப்பதில்லை.

கோப்பின் பெயரிலேயே மூன்று தகவல் இருக்க வேண்டும்: காப்பகத்தின் சுருக்கப் பெயர், அவர்களது எண், இது ஸ்க்ரீனரா மாஸ்டரா. காப்பகம் அனுப்பிய கோப்பை ஒரு ஃபோல்டரில் தொடாமல் பூட்டி வைத்துவிட்டு, பிரதிக்குத்தான் பெயர் மாற்ற வேண்டும். இரண்டு டிஸ்க்கில் ஏற்றியதும் எம்டி5 செக்சம் (கோப்பு மாறாமல் இருக்கிறதா என்று காட்டும் எண்) ஓட்டி ஒப்பிட்டுக்கொண்டால், ஆறு மாதம் கழித்து "இந்தக் கோப்பு ஏன் பாதியில் நிற்கிறது" என்று மண்டையை உடைத்துக்கொள்ள வேண்டியிருக்காது.

ஸ்க்ரீனர் என்பது முகத்தில் வாட்டர்மார்க்கும் டைம்கோடு பெட்டியும் சுமந்து வரும் மலிவுப் பிரதி. எடிட் முழுக்க அதில் நடக்கும். படம் பூட்டியபின் (எடிட் முடிவானபின்) முழுத் தர மாஸ்டர் வாங்கி மாற்றுவார்கள். மாஸ்டரின் டைம்கோடு ஸ்க்ரீனரில் தெரியும் எண்ணோடு ஒத்துப்போகும் என்று நம்பி ஆட்டோவாக மாற்றினால் பெரும்பாலும் அடிவாங்கும். காப்பகம் இரண்டாவது முறை புதிதாக ஸ்கேன் செய்திருக்கலாம், தொடக்கம் பத்து ஃப்ரேம் தள்ளியிருக்கலாம், வேகமே வேறாக இருக்கலாம். கையால் மாற்றுவதே வழி: ஸ்க்ரீனரை மேல் டிராக்கில் பாதி ஒளிபுகும்படி வைத்து, கீழே மாஸ்டரை நகர்த்தி, முதல் ஃப்ரேம், கடைசி ஃப்ரேம், நடுவில் ஒரு கூர்மையான அசைவு (கண் சிமிட்டல், கேமரா ஃபிளாஷ், ஷாட் வெட்டு) என்று மூன்று இடத்தில் ஒட்டிப் பார்க்க வேண்டும். முதல் இடம் பொருந்தி கடைசி இடம் விலகினால் வேகக் கோளாறு. மூன்றும் ஒரே அளவு விலகினால் வெறும் நகர்வு.

மாஸ்டர் கேட்கும்போது தேவைக்கு மேல் இருபுறமும் ஒன்றிரண்டு விநாடி கூட்டிக் கேளுங்கள். டிஸால்வ் (ஒரு ஷாட் இன்னொன்றில் கரைவது) போடுவதற்கோ கடைசி நேரத்தில் எட்டு ஃப்ரேம் நீட்டுவதற்கோ இடம் வேண்டும். பல காப்பகங்கள் விநாடிக் கணக்கில் விலை சொன்னாலும் 30 விநாடி, 60 விநாடி என்று குறைந்தபட்சக் கட்டணம் வைத்திருக்கும். ஆகவே ஆறு காப்பகத்திலிருந்து ஐந்தைந்து விநாடி எடுப்பது, ஒரே இடத்திலிருந்து 30 விநாடி எடுப்பதைவிடப் பல மடங்கு செலவு. எடிட் தொடங்கும்போதே இதைக் கணக்கில் வைத்தால் பட்ஜெட் தப்பிக்கும்.

யாருடைய காட்சி?

இந்தியாவில் 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி ஒரு திரைப்படத்தின் உரிமை அது வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டின் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டுகள். 1965இல் வெளியானது என்றால் 2025 டிசம்பர் 31இல் முடிகிறது. 2026 ஜனவரி 1 முதல் பொதுச்சொத்து. அரசு தயாரித்தவற்றுக்கும் வெளியீட்டிலிருந்து 60 ஆண்டுக் கணக்குதான். இதைப் படித்துவிட்டு "அறுபது வருஷமாச்சு, எடுத்துக்கலாம்" என்று கிளம்புபவர்கள் மூன்று இடத்தில் சறுக்குகிறார்கள்.

முதலாவது, பாட்டு. படத்தின் உரிமை காலாவதியானாலும் அதிலுள்ள பாடல் வரிக்கும் மெட்டுக்கும் கணக்கு வேறு: எழுதியவர், இசையமைத்தவர் இறந்தபின் 60 ஆண்டுகள். 1950களின் செய்திப்படத்தில் பின்னணியில் ஒரு சினிமாப் பாட்டு ஒலித்தால், படம் இலவசம், ஒலி இலவசமில்லை. இரண்டாவது, வெளியீடு. எங்கும் வெளியிடப்படாமல் டப்பாவில் கிடந்த ரஷ்ஷுக்கு (எடிட் செய்யாத மூலக் காட்சிக்கு) 'வெளியான ஆண்டு' என்ற ஒன்றே இல்லை. அதைத் தூக்கிப் பொதுச்சொத்துப் பட்டியலில் போடுவதற்கு முன் வக்கீலிடம் காட்டுவது நல்லது. மூன்றாவது, எல்லை. இங்கே முடிந்தது இன்னொரு நாட்டிலும் முடிந்ததாக ஆகாது. படம் வெளிநாட்டில் ஓடப்போகிறதென்றால் அந்த நாட்டுச் சட்டம்தான் பேசும்.

தொலைக்காட்சி ஒளிபரப்புக்கு நிறுவனத்துக்குத் தனி உரிமை 25 ஆண்டு உண்டு. அது முடிந்தாலும் உள்ளே காட்டப்பட்ட படத்தின் உரிமை தனியே உயிரோடிருக்கும். "ஏழு விநாடிக்குள் எடுத்தால் கேட்க மாட்டார்கள்" என்று ஒரு நம்பிக்கை ஊரெங்கும் சுற்றுகிறது. சட்டத்தில் அப்படி விநாடிக் கணக்கே கிடையாது. 52ஆம் பிரிவு விமர்சனத்துக்கும் நடப்புச் செய்திக்கும் நியாயமான பயன்பாட்டை அனுமதிக்கிறது. காட்சியைப் பற்றிப் பேசாமல் அழகுக்காக வைத்த ஷாட்டை அந்தக் குடைக்குள் நுழைப்பது கடினம்.

பார்க்கக் கிடைக்கிறது என்பதும் எடுத்துக்கொள்ளலாம் என்பதும் ஒன்றல்ல. பழைய பிரிட்டிஷ் செய்திப்படங்களை வைத்திருக்கும் பிரிட்டிஷ் பாத்தே 2014இல் 85,000 படங்களை யூட்யூபில் ஏற்றியது. அது கடை வாசலில் வைத்த கண்ணாடிப் பெட்டி. சரக்குக்குக் காசு உண்டு. இந்தியச் செய்திப்படங்களைப் பொறுத்தவரை 1948இல் தொடங்கிய, மத்திய அரசின் ஃபிலிம்ஸ் டிவிஷனின் சேகரிப்பே பெரிய சுரங்கம். அந்த நிறுவனம் 2022இல் என்எஃப்டிசியுடன் (தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகம்) இணைக்கப்பட்டுவிட்டதால் பழைய கடிதங்களில் இருக்கும் முகவரியை நம்பி எழுதினால் பதில் வராது. பழைய படத் தலைப்பையும் எண்ணையும் சேர்த்து எழுதினால் தேடுவது சுலபம்.

உரிமம் எழுதும்போது நாலு கட்டம்: எந்தெந்த நாட்டில், எத்தனை ஆண்டு, எந்தெந்த ஊடகத்தில், எத்தனை விநாடி. ஐந்தாவதாக டிரெய்லர். படத்துக்கு வாங்கிய உரிமம் டிரெய்லரையும் சமூக ஊடக விளம்பரத்தையும் தானாகச் சேர்த்துக்கொள்ளாது. பணம் குறைவாக இருக்கும்போது திரைப்பட விழாவுக்கு மட்டும் என்று குறைந்த விலையில் வாங்குவது வழக்கம், அதில் தப்பில்லை. பின்னால் ஓடிடிக்குப் போனால் எவ்வளவு என்பதையும் அன்றைக்கே எழுத்தில் வாங்கிக்கொள்ளாவிட்டால்தான் வம்பு. படம் விற்றபின் கேட்டால் விலையைச் சொல்லும் பிடி அவர்கள் கைக்குப் போய்விடும்.

இன்னொன்று: காப்பகம் விற்பது அந்தப் படச்சுருளின் உரிமையை மட்டும். அதில் தெரியும் ஆளின் சம்மதம், சுவரில் மாட்டிய ஓவியம், திரையில் ஓடும் வேறொரு சினிமா, பின்னணிப் பாட்டு எதற்கும் அவர்கள் பொறுப்பேற்பதில்லை. ஒப்பந்தத்தின் கடைசிப் பக்கத்தில் பொடி எழுத்தில் இது இருக்கும்.

தேதியைக் கண்டுபிடிப்பது

டைட்டானிக் 1912இல் மூழ்கியபோது செய்திப்படக் கம்பெனிகளிடம் அந்தக் கப்பலின் காட்சி கிட்டத்தட்ட இல்லை. அதன் சகோதரக் கப்பல் ஒலிம்பிக்கின் காட்சிகளை எடுத்து, பெயர் தெரிந்த இடங்களை ஃபிலிமிலேயே சுரண்டி அழித்துவிட்டு ஓட்டினார்கள். காப்பகக் காட்சி என்றால் சாட்சி என்று நினைப்பவர்களுக்கு இது ஒன்று போதும். அன்றைய செய்திப்படக்காரர்களும் அவசரத்துக்கு ஸ்டாக் ஷாட் ஒட்டியவர்கள்தான். 1942 என்று எழுதிய ரீலில் 1938இன் ஊர்வலம் இருக்கலாம்.

தமிழ்நாட்டுக் காட்சிகளுக்குத் தேதி பார்க்க எங்களுக்குக் கைகொடுப்பவை பெரும்பாலும் தெருவில் இருக்கும் எழுத்துகள். சென்னை மாநிலம் தமிழ்நாடு ஆனது 1969 ஜனவரி 14. பேருந்திலோ அலுவலகப் பலகையிலோ 'தமிழ்நாடு அரசு' என்றிருந்தால் பெரும்பாலும் அதற்குப் பிந்தியது. 1978இல் அரசு எழுத்துச் சீர்திருத்தத்தை ஏற்றது. அதற்கு முன் லை, ளை, ணை, னை எல்லாம் யானைத் தும்பிக்கை போலச் சுழி வைத்து எழுதப்பட்டவை. ணா, றா, னா மூன்றுக்கும் தனி வடிவம். அரசுப் பலகையில் புது எழுத்து இருந்தால் 1978க்குப் பிறகு என்று ஓரளவு துணிந்து சொல்லலாம். எதிர்ப்பக்கமாகச் சொல்ல முடியாது: மளிகைக்கடைக்காரர் தும்பிக்கை எழுத்தில் எழுதிய பலகையை இருபது ஆண்டு மாட்டி வைத்திருப்பார். பெரியாரின் ஏடுகளோ சீர்திருத்த எழுத்தை 1930களிலேயே பயன்படுத்தத் தொடங்கிவிட்டன. ஆக, எழுத்து ஒரு பக்கத்து எல்லையைத்தான் காட்டும்.

வண்டி எண்ணும் அப்படித்தான். 'டிஎன் 01' பாணி எண்கள் 1988ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம் 1989இல் நடைமுறைக்கு வந்தபின் ஏற்பட்டவை. சுவரொட்டியில் சினிமாப் பெயர் தெரிந்தால் வெளியீட்டுத் தேதி கிடைக்கும். கிழியாமல் எத்தனை மாதம் ஒட்டிக் கிடந்தது என்பது தெரியாது. தொலைக்காட்சிப் பதிவென்றால் சென்னை தூர்தர்ஷன் 1975 ஆகஸ்ட் 15இல் தொடங்கியது, வண்ணம் வந்தது 1982இல். "1979 தூர்தர்ஷன்" என்று சொல்லி வண்ணக் கிளிப் ஒன்று வந்தால் தேதி தப்பு, அல்லது அது ஃபிலிமில் எடுத்தது.

ஃபிலிமின் ஓரத்தையும் பாருங்கள். கோடக் சுருள்களில் வட்டம், சதுரம், முக்கோணம் எனச் சின்னங்கள் ஓரத்தில் அச்சாகியிருக்கும். அவை சுருள் தயாரான ஆண்டைச் சொல்லும். பல சின்னங்கள் 20 ஆண்டுக்கு ஒருமுறை திரும்பி வரும் என்பதால் 1937ஆ 1957ஆ என்பதைக் காட்சியைப் பார்த்துத்தான் தீர்மானிக்க வேண்டும். பிரிண்ட் என்றால் நெகட்டிவின் ஓர எழுத்தும் சேர்ந்து பதிவாகியிருக்கும், பிரிண்ட் சுருளின் எழுத்தும் இருக்கும். நமக்கு வேண்டியது நெகட்டிவின் எழுத்து. சாதாரண ஸ்கேனில் ஓரம் வெட்டப்பட்டுவிடும்; துளைகள் தெரிய ஓவர்ஸ்கேன் கேட்டால்தான் இதெல்லாம் கிடைக்கும்.

வலம் இடமாகத் திருப்பப்பட்ட காட்சிகளும் நிறையச் சுற்றுகின்றன, குறிப்பாக யூட்யூபின் தானியங்கிக் கண்காணிப்பைத் தாண்டத் திருப்பியவை. எழுத்து தெரியாத ஷாட்டில் சட்டைப் பை எந்தப் பக்கம், வண்டி ஓட்டுநர் எந்தப் பக்கம் என்று பார்த்தால் பிடிபடும்.

வேகம், கோடு, சட்ட விகிதம்

தொழில்நுட்பத்தில் அதிகம் சொதப்புவது இங்கேதான், கொஞ்சம் நிதானமாகவே பார்க்கலாம்.

பேசும்படம் விநாடிக்கு 24 ஃப்ரேம். நம் தொலைக்காட்சி 25. ஃபிலிமை வீடியோவாக மாற்றும் டெலிசினியில் 24ஐ அப்படியே 25ஆக ஓட்டிவிடுவார்கள்: பத்து நிமிடப் படம் 9 நிமிடம் 36 விநாடியில் முடியும், சுருதி அரைக் கட்டையைவிடச் சற்றே குறைவாக ஏறிவிடும். உங்கள் டைம்லைன் 24 என்றால், மென்பொருளை ஃப்ரேம் கலக்கவோ தள்ளவோ விடாதீர்கள். கிளிப்பின் தன்மையை '24' என்று மாற்றிச் சொல்லுங்கள். ஒவ்வொரு ஃப்ரேமும் அப்படியே வரும், ஒலியும் சுருதியோடு சேர்ந்து இறங்கும். சிக்கல் எங்கே என்றால், சில டிரான்ஸ்ஃபர்களில் அன்றைக்கே சுருதியை மட்டும் சரிசெய்திருப்பார்கள். எது என்று கண்டுபிடிக்க ஒரு வழி உண்டு. பழைய ஒலிப்பதிவில் மின்சார இரைச்சல் அடியில் ஓடிக்கொண்டே இருக்கும். இந்தியாவில் அது 50 ஹெர்ட்ஸ். ஒலி மென்பொருளில் ஸ்பெக்ட்ரம் திறந்து பாருங்கள். 52இல் நின்றால் வேகம் ஏறியிருக்கிறது, சுருதி திருத்தப்படவில்லை. 50இலேயே நின்றால் சுருதி திருத்தியிருக்கலாம். அல்லது அந்த இரைச்சலே டெலிசினி மேசையில் புகுந்ததாக இருக்கலாம். அதனால் தெரிந்த ஒரு பாட்டையோ தெரிந்த குரலையோ வைத்து உறுதிசெய்ய வேண்டும்.

மௌனப்படக் காலத்துக்கு நிலையான வேகம் கிடையாது. கையால் சுழற்றியது, 16 முதல் 20 வரை என்று பொதுவாகச் சொல்லலாம், ஒரே ரீலுக்குள்ளும் மாறும். அதை 24இல் ஓட்டுவதால்தான் காந்தி ஓட்டமும் நடையுமாகப் போவதுபோல் தெரிகிறது. 16ஐ 24இல் வைக்க இரண்டு ஃப்ரேமுக்கு ஒரு ஃப்ரேமை இரட்டித்தால் போதும், இரண்டு மூன்றாகும். 18ஐ 25இல் வைத்தால் தாளம் ஒழுங்காக வராது, லேசாகத் தட்டும். ஆப்டிகல் ஃப்ளோ போட்டு இடையில் புது ஃப்ரேம் செய்தால் வழுவழுவென்று இருக்கும். கைத்தடிக்கும் வேட்டி விளிம்புக்கும் நடுவில் படம் தண்ணீரில் கரைந்ததுபோல் நெளியும். தட்டுவதே மேல் என்பது என் கட்சி.

வீடியோ டேப்பில் வந்தவை இன்டர்லேஸ்: ஒரு ஃப்ரேமின் கோடுகள் ஒன்றுவிட்டு ஒன்றாக இரண்டு ஃபீல்டில் பதிவாகும். பால் (PAL, நம் தொலைக்காட்சி) முறையில் 576 கோடு, ஒரு ஃப்ரேமுக்கு இரண்டு ஃபீல்ட், விநாடிக்கு 50 வெவ்வேறு தருணங்கள். ஒரு ஃப்ரேமில் நிறுத்திப் பார்த்தால் அசையும் கையின் விளிம்பில் சீப்புப் பல் தெரியும். அதைப் பார்த்துப் பயப்பட வேண்டாம், அதுதான் இயல்பு. பயப்பட வேண்டியது, அந்தப் பற்கள் ஒரு கோட்டுக்கு ஒன்றாக இல்லாமல் தடித்துக் குழம்பித் தெரிந்தால். யாரோ இன்டர்லேஸ் படத்தை அப்படியே 1080க்குப் பெரிதாக்கியிருக்கிறார்கள் என்று பொருள். அதற்கு மருந்தில்லை, மூலத்தைத் திரும்பக் கேட்க வேண்டும்.

ஒழுங்கான வரிசை இது. முதலில் எஃப்எஃப்எம்பெக் என்ற மென்பொருளின் ஐடெட் ஃபில்டரை ஓட்டி, மேல் ஃபீல்ட் முதலா கீழ் ஃபீல்ட் முதலா என்று பார்த்துக்கொள்ளுங்கள். பால் டிஜிட்டல் பீட்டாகேம் பொதுவாக மேல் முதல், டிவி (DV) டேப் கீழ் முதல். இதை மாற்றிப் போட்டால் நடந்து போகிறவர் ஒவ்வொரு அடிக்கும் முன்னும் பின்னும் துடிப்பார். அடுத்து பிடபிள்யூடிஐஎஃப் அல்லது க்யூடிஜிஎம்சி என்ற, ஃபீல்டைப் பிரிக்கும் ஃபில்டர் கொண்டு 50 முழு ஃப்ரேமாக விரியுங்கள். அதற்குப் பிறகுதான் அளவைப் பெரிதாக்க வேண்டும். 25 ஃப்ரேம் டைம்லைன் என்றால் ஒன்றுவிட்டு ஒன்று எடுத்துக்கொள்ளலாம். சேனலுக்கு 1080 இன்டர்லேஸாகக் கொடுப்பதென்றால் 50ஐயும் வைத்துக் கடைசியில் மறுபடி ஃபீல்டாகப் பின்னினால் நேரலைப் பதிவின் வழுக்கல் அப்படியே நிற்கும்.

அமெரிக்கக் காட்சி (என்டிஎஸ்சி முறை) என்றால் விநாடிக்கு 29.97 ஃப்ரேம். ஃபிலிமிலிருந்து போனதென்றால் ஐந்து ஃப்ரேமுக்கு இரண்டு கலப்பு ஃப்ரேம் என்று ஒழுங்கான பின்னல் இருக்கும். அவிழ்த்தால் சுத்தமான 23.976 கிடைக்கும். அதே காட்சி 1990களில் யாரோ பாலுக்கு மாற்றிய டேப்பாக வந்தால் ஒவ்வொரு ஃப்ரேமிலும் பேய் நிழல் ஒட்டியிருக்கும். அதை அவிழ்க்க முடியாது. கேட்கும்போதே "மாற்றாத என்டிஎஸ்சி பிரதி" என்று எழுதிக் கேளுங்கள்.

சட்ட விகிதம். பால் கோப்பு 720×576, ஆனால் அதன் புள்ளிகள் சதுரமல்ல. சதுரப் புள்ளியில் அது 768×576 அளவில் விரிய வேண்டும். 1080 திரையில் 1440×1080 ஆக நடுவில் நிற்கும், இருபுறமும் 240 புள்ளி கறுப்பு. திரையை நிரப்ப இழுத்தால் தலைவர்கள் எல்லாம் குண்டாகிவிடுகிறார்கள். வெட்டி நிரப்பினால் உயரத்தில் கால்வாசி போகிறது, பெரும்பாலும் தலைமுடியோ காலடியோ. சில சேனல்கள் இன்னும் நிரப்பச் சொல்கின்றன. அப்போதும் எல்லா ஷாட்டையும் ஒரே அளவில் வெட்டாமல் ஷாட்டுக்கு ஷாட் மேலும் கீழும் நகர்த்தி வையுங்கள். அதே படத்தையே மங்கலாக்கி இருபுறமும் ஒட்டுவதைப் பார்த்தால் எனக்குக் கல்யாண வீடியோதான் நினைவுக்கு வருகிறது.

வண்ணத்தில் ஒரு பொறி: வண்ணத்தைக் குறிக்கும் முறை பழைய வீடியோவுக்கு 601, எச்டிக்கு 709. எந்த முறை என்று சொல்லும் குறிப்பு (ஃபிளாக்) கோப்பில் தப்பாக இருந்தால் சிவப்பு ஆரஞ்சுப் பக்கம் சாயும், பச்சை மாறும், தோல் நிறம் நோயாளிபோல் ஆகும். கலரிஸ்ட் அரை நாள் திருத்துவார். ஒரே ஒரு அமைப்பை மாற்றினால் தீர்ந்திருக்கும் வேலை.

டேப்பும் டப்பாவும் கைக்கு வந்தால்

காப்பகம் கோப்பாகக் கொடுத்தால் பாக்கியம். பல நேரம் ஒரு குடும்பமோ பழைய கட்சி அலுவலகமோ அட்டைப்பெட்டியில் விஎச்எஸ், யூ-மேட்டிக் கொண்டுவந்து வைக்கும். நம் கடலோர ஈரத்தில் முதல் எதிரி பூஞ்சை. டேப் சுற்றின் பக்கவாட்டில் வெள்ளைப் பொடியோ படலமோ தெரிந்தால் டெக்கில் போடவே போடாதீர்கள். ஹெட் கெடுவதோடு அடுத்துப் போடும் டேப்புக்கும் தொற்றும். அடுத்தது பிசுபிசுப்பு. ஓடும்போது கிறீச்சிட்டால் உடனே நிறுத்த வேண்டும். காந்தப் பொடியைப் பிடித்திருக்கும் பசை ஈரம் குடித்து இளகிவிட்டது. தெரிந்தவர்கள் ஏறக்குறைய 50 டிகிரியில் எட்டு மணி நேரமோ அதற்கு மேலோ உலரவைத்து, சில வாரங்களுக்குள் ஓட்டிப் பிரதி எடுப்பார்கள். வீட்டு ஓவனில் முயற்சி வேண்டாம். எல்லா வகை டேப்புக்கும் அந்த வைத்தியம் பொருந்தவும் பொருந்தாது.

சோனி பீட்டாகேம் டெக் விற்பனையை 2016இல் நிறுத்திவிட்டது. இப்போது இருப்பவையெல்லாம் உதிரிப்பாகம் மாற்றி மாற்றி ஓடுபவை. ஆகவே ஒரு டேப்பை ஒரே முறை, ஒழுங்காக எடுங்கள். விஎச்எஸ் என்றால் டைம்பேஸ் கரெக்டர் (டேப் சிக்னலின் நேரத் தள்ளாட்டத்தைச் சரிசெய்யும் கருவி) நடுவில் இல்லாமல் எடுப்பது வீண். நேர்க்கோடுகள் மேலே கொடிபோல் வளையும். 10 பிட், சுருக்காமல் எடுத்தால் மணிக்கு ஏறக்குறைய 100 ஜிபி. இடம் போதாவிட்டால் எஃப்எஃப்வி1 என்ற கோடெக்கில் இழப்பின்றிச் சுருக்கலாம். டிவி (DV), டிவிகேம் (DVCAM) டேப்புகளை அனலாக் வழியே எடுக்கவே கூடாது. அவை ஏற்கெனவே டிஜிட்டல். ஃபயர்வயர் கேபிளில் அப்படியே நகலெடுத்தால் மணிக்கு 13 ஜிபிதான்.

ஒலித்தடங்களை ஒன்றாகக் கலக்காதீர்கள். செய்தி டேப்புகளில் ஒரு தடத்தில் நிருபர் குரலும் மற்றொன்றில் களத்து ஒலியும் இருப்பது வழக்கம். இரண்டையும் மோனோவாகச் சேர்த்துவிட்டால் குரல் இல்லாத கூட்டத்தின் ஒலி, எடிட்டருக்கு மிகத் தேவையானது, நிரந்தரமாகப் போய்விடும். பீட்டாகேம் எஸ்பியில் 3, 4 தடங்களையும் சேர்த்துக் கேட்டுப் பாருங்கள். காலி என்று நினைத்த இடத்தில் சில நேரம் ஒலி இருக்கும்.

ஃபிலிம் டப்பாவைத் திறந்ததும் புளிக்காடி வாடை அடித்தால் ஃபிலிமின் அடித்தளமான அசிடேட் சிதைகிறது. தனியே பிரித்து, காற்றோட்டமாக, குளிர்ச்சியான இடத்தில் வைத்து அவசர வரிசையில் ஸ்கேனுக்கு அனுப்ப வேண்டும். 1950களின் தொடக்கத்துக்கு முந்திய 35 மி.மீ. என்றால் நைட்ரேட்டாக இருக்கலாம். தீப்பிடித்தால் அணைக்க முடியாத சரக்கு அது. புனேயில் 2003இல் தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகத்தின் நைட்ரேட் சேகரிப்பு தீயில் போனது. ஓரத்தில் 'சேஃப்டி' என்று இல்லாவிட்டால் அலுவலகத்தில் வைத்துக்கொள்ளாமல் காப்பகத்துக்குத் தகவல் சொல்லிவிடுங்கள்.

ஸ்கேனுக்குக் கணக்கு: 16 மி.மீ.இல் 100 அடி 24 வேகத்தில் சுமார் 2 நிமிடம் 47 விநாடி, 35 மி.மீ.இல் 1000 அடி 11 நிமிடம். முழு ஃப்ரேம் 2கே டிபிஎக்ஸ் (ஃப்ரேமுக்கு ஒரு படக்கோப்பு) மணிக்கு 1.1 டிபி, 4கே என்றால் அதைப்போல் நாலு மடங்கு. 16 மி.மீ. பிரிண்டை 4கேயில் ஸ்கேன் செய்யச் சொல்வது டிஸ்க் வியாபாரிக்குத்தான் லாபம். அந்தப் பணத்தில் நெகட்டிவ் எங்காவது இருக்கிறதா என்று தேடலாம்; தலைமுறை ஒன்று குறைந்தாலே படம் வேறாகத் தெரியும்.

ஏஐ பெருக்கத்தைப் பற்றி எல்லோரும் கேட்கிறார்கள். இரைச்சல் குறைக்க, சிறிய அளவில் பெரிதாக்க உதவுகிறது. ஆனால் தூரத்தில் நிற்கும் முகங்களுக்கு அது புதிதாகக் கண்ணும் பல்லும் வரைகிறது, தமிழ்ப் பலகைகளை எந்த மொழியிலும் இல்லாத கிறுக்கலாக்குகிறது. மேலே தேதி பார்க்கச் சொன்ன எழுத்துகளே அப்படி அழிந்துவிடுகின்றன. பயன்படுத்தினால் பதிவேட்டில் ஒரு கட்டம் சேர்த்து என்ன மென்பொருள், எந்த ஷாட், எந்த அமைப்பு என்று எழுதுங்கள். மௌனக் காட்சிக்கு நாமாகச் சேர்த்த குதிரைக் குளம்பொலிக்கும் அதே கட்டம். பத்தாண்டு கழித்து நம் படத்திலிருந்து யாராவது அந்த ஷாட்டை எடுப்பார்கள்.

படம் பூட்டியபின் டைம்லைனிலிருந்து இடிஎல் (பயன்பட்ட ஷாட்களின் பட்டியல்) எடுத்து, காப்பகவாரியாக உண்மையில் பயன்பட்ட விநாடிகளைக் கூட்டி அனுப்ப வேண்டும். ஒரே ஷாட் தலைப்பில் ஒருமுறை, நடுவில் ஒருமுறை வந்தால் இரண்டும் கணக்கு. ஸ்லோமோஷனில் இழுத்தது திரையில் ஓடும் நீளத்துக்கா மூல நீளத்துக்கா என்பதை முன்பே கேட்டுக்கொள்ளுங்கள், இடத்துக்கு இடம் மாறுகிறது. பயன்படுத்தாத மாஸ்டர்களையும் ஸ்க்ரீனர்களையும் அழிக்கச் சொல்லும் விதி பல ஒப்பந்தங்களில் உண்டு. அழியுங்கள், ஆனால் பதிவேட்டின் வரிசையை அழிக்காதீர்கள். உரிமம் முடியும் தேதியை, பத்தாண்டு தள்ளி இருந்தாலும், தயாரிப்பாளரின் காலண்டரில் ஆறு மாதம் முன்கூட்டியே நினைவூட்டும்படி போட்டுவிட்டு டிஸ்க்கை ஒப்படையுங்கள்.